பாலாடை இல்லாத பாலாடைக்கட்டி

டீயோடு இரண்டு டம்ளர் வெந்நீரும் கேட்டிருக்கிறேன். அவை வருவதற்குள் இந்தத் தட்டைப் பாருங்கள். ஒரு துண்டு பனீர், ஒரு துண்டு மொசரெல்லா. இரண்டும் இன்று காலை ராபர்ட்சன்பேட்டையில் வாங்கியவை. இரண்டும் வெள்ளை, இரண்டும் பாலில் இருந்து வந்தவை. கண்ணை மூடிக்கொண்டு தொட்டால் எது எது என்று சொல்லவே கொஞ்சம் யோசிக்க வேண்டும். இப்போது ஒரு டம்ளரில் பனீரையும் இன்னொன்றில் மொசரெல்லாவையும் போடுவோம். தண்ணீர் தளதளவென்று கொதிக்க வேண்டாம். கையை வைத்தால் சட்டென்று இழுத்துக்கொள்கிற சூடு போதும். நாலைந்து நிமிஷம் அப்படியே இருக்கட்டும்.

இப்போது முள்கரண்டியால் மொசரெல்லாவைத் தூக்கினால் நூல் நூலாக நீண்டு, அறுந்துவிடாமல் கூடவே வருகிறது. பனீர் போட்டது போட்டபடி கிடக்கிறது. இன்னும் ஒரு மணி நேரம் கிடந்தாலும் அப்படியேதான் இருக்கும். ஒரே பாலில் பிறந்த இரண்டும் ஏன் இப்படி வேறு வேறாக நடந்துகொள்கின்றன? அதற்கு விடை தேடித்தான் இன்று ஒரு சீஸ் ஆலைக்குள் மெதுவாக நடந்து போகப்போகிறோம்.

போவதற்கு முன்னால் ஒரு சொல்லைச் சரிசெய்துகொள்ள வேண்டும். சீஸுக்கு நம் அகராதிகள் வைத்திருக்கும் பெயர் பாலாடைக்கட்டி. என் பெரியம்மா முதல்முறை அந்தச் சொல்லைக் கேட்டபோது, "பாலாடையை எடுத்துச் சேத்து வச்சுக் கட்டியாக்குறதாப்பா?" என்று கேட்டார். மிக நியாயமான கேள்வி. காய்ச்சிய பாலின் மேல் படிகிற ஆடை நமக்கெல்லாம் தெரியும். அதைச் சேர்த்து வைத்தால் வெண்ணெய் எடுக்கலாம். அதையே இன்னும் கெட்டியாக்கினால் சீஸ் என்று அந்தப் பெயரே நம்மை நினைக்க வைத்துவிடுகிறது. சீஸ் என்றால் கெட்டியான கொழுப்பு என்று படித்தவர்களும் நம்புவதற்கு இந்தச் சொல்லுக்கும் ஒரு பங்கு இருக்கிறது.

இந்த எண்ணம் தவறு என்பதற்கு இத்தாலியிலேயே நல்ல சாட்சி உண்டு. அந்த நாட்டின் வடக்கே, பார்மா நகரைச் சுற்றியுள்ள ஊர்களில் 'கசெயிஃபீச்சோ' என்று சொல்லப்படும் சிறிய சீஸ் ஆலைகள் நிறைய. காலையில் பார்வையாளர்களைக் கூட்டிப் போய் வேலையைக் காட்டி, கடைசியில் ருசி பார்க்கக் கொடுப்பார்கள். அங்கே பிறப்பதுதான் பார்மிஜானோ ரெஜ்ஜானோ என்ற புகழ்பெற்ற சீஸ். முந்தின நாள் மாலை கறந்த பாலை அகலமான தொட்டிகளில் ஊற்றி இரவு முழுக்க அசையாமல் விடுவார்கள். விடிவதற்குள் கொழுப்பு மேலே ஏறி ஆடையாகப் படிந்திருக்கும். அந்த ஆடையை நீக்கிவிட்டு, அடியில் நிற்கும் பாலோடு காலையில் கறந்த முழுப் பாலைச் சேர்த்துத்தான் வேலையையே தொடங்குவார்கள். அதாவது, உலகத்திலேயே பெயர்பெற்ற ஒரு பாலாடைக்கட்டியின் முதல் வேலை பாலாடையை எடுத்துவிடுவது.

அவ்வளவு தூரம் போக வேண்டிய அவசியமும் இல்லை. மாரிகுப்பத்தில் விடிகாலை ரயில் ஏறி தினமும் பெங்களூருக்கு வேலைக்குப் போகிறவர்கள் நம் கோலார் தங்கவயலில் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். 2001 பிப்ரவரி 28 அன்று தங்கச் சுரங்கம் மூடிய பிறகு அந்த ரயில்தான் பல வீடுகளின் அடுப்பு. அதே பெங்களூரின் மறுகோடியில், மைசூர் சாலையில் கும்பளகோடு என்ற இடத்தில் ஒரு கிறிஸ்தவத் துறவு மடம் இருக்கிறது. வல்லம்புரோசன் சபையைச் சேர்ந்த பெனடிக்ட் மரபுத் துறவிகள் அங்கே இத்தாலிய முறையில் சீஸ் செய்கிறார்கள். அவர்களில் அருட்தந்தை மைக்கேல் இத்தாலியில் பல ஆண்டுகள் இருந்தபோது இந்தத் தொழிலைக் கற்றுவந்தவர். சபையின் தாய்மடம் டஸ்கனிக் காடுகளுக்குள், ஃபிளாரன்ஸ் நகருக்குக் கிழக்கே உள்ளது; புனித ஜான் குவால்பெர்த் 11ஆம் நூற்றாண்டில் நிறுவியது. வல்லம்புரோசா என்றால் நிழல் நிறைந்த பள்ளத்தாக்கு. அந்தப் பெயரில்தான் கும்பளகோட்டு மொசரெல்லாவும் பெங்களூர் உணவகங்களுக்குப் போய்ச் சேர்கிறது.

இத்தாலி என்றதும் நம் ஊருக்குத் தூரமான சங்கதி என்று நினைக்க வேண்டாம். 1880இல் ஜான் டெய்லர் கம்பெனி இங்கே வந்து சுரங்கம் தோண்டத் தொடங்கிய பிறகு, கார்ன்வால்காரர்களோடு இத்தாலியரும் வந்து நம் தாத்தாக்களோடு பூமிக்கு அடியில் இறங்கியிருக்கிறார்கள். பாலும் நமக்குப் புதிதல்ல. பட்டு, பால், பொன் என்று மூன்றைச் சொல்லித்தான் கோலாரை அடையாளம் காட்டுவார்கள். பொன் போய்விட்டது. பால் இன்றும் தினமும் விடியும் முன்னே கேன்களில் சங்கத்துக்குப் போய்க்கொண்டுதான் இருக்கிறது.

இனி ஆலைக்குள் நுழைவோம். சீஸ் செய்வது என்ன வேலை என்று கோலார் தங்கவயலில் வளர்ந்தவருக்கு விளக்குவது எளிது. பாறைக்குள் பொன் இருக்கிறது, கண்ணுக்குத் தெரியாது; பாறையை அரைத்து, ரசாயனத்தில் ஊறவைத்து, வேண்டியதை மட்டும் பிரித்தெடுத்து, மிச்சத்தை மேடாகக் கொட்டினோம். பாலும் அப்படித்தான். நூறு லிட்டர் பசும்பாலில் ஏறக்குறைய எண்பத்தேழு பங்கு வெறும் தண்ணீர். மீதியில் சர்க்கரை, கொழுப்பு, உப்புகள், புரதம். அந்தப் புரதம் மூன்று பங்கு சொச்சம்தான். அதில் பெரும்பகுதி கேசின் என்ற ஒரே குடும்பம். சீஸ்காரர் தேடும் பொன் இந்தக் கேசின்தான். கொழுப்பு அதன் வலையில் மாட்டிக்கொண்டு கூடவே வருகிற மீன். மீன் இல்லாமலும் வலை வலைதான். வலை இல்லாமல் மீன் ஒன்றும் கரைக்கு வராது.

கேசின் பாலில் எப்படி இருக்கிறது? கண்ணுக்குத் தெரியாத சின்னச் சின்ன உருண்டைகளாக மிதக்கிறது. ஒவ்வோர் உருண்டையின் மேலும் மெல்லிய மயிர் போன்ற இழைகள் நீட்டிக்கொண்டிருக்கின்றன. ரம்புத்தான் பழத்தை நினைத்துக்கொள்ளுங்கள். அந்த மயிர் இருப்பதால் ஒரு உருண்டை இன்னொன்றின் மேல் ஒட்டாமல் தள்ளியே நிற்கிறது. அதனால்தான் பால் பாலாகவே ஓடுகிறது. உருண்டைக்குள்ளே புரதத்தைப் புரதத்தோடு பிடித்து வைத்திருப்பது சுண்ணாம்புச் சத்து. செங்கலுக்கு நடுவே சாந்து போல என்று வைத்துக்கொள்வோம். ரம்புத்தானின் மயிர், செங்கலின் சாந்து, இந்த இரண்டையும் மறக்காமல் இருந்தால் போதும்.

பாலைக் கட்டியாக்க இரண்டு வழி உண்டு. ஒரு வழி நமக்குத் தலைமுறை தலைமுறையாகத் தெரியும்: புளிப்பு. எலுமிச்சம்பழம் பிழிந்தாலோ மோர் சேர்த்தாலோ பால் திரிகிறது. இன்னொரு வழியில் புளிப்பே வேண்டாம். ஒரு நொதி போதும். நொதி என்றால் ஒரு வேலையை மட்டும் செய்யத் தெரிந்த நுண்ணிய கத்தரி. பால் குடிக்கும் கன்றின் நாலாவது இரைப்பையில் அது சுரக்கிறது. குடித்த பால் ஓடிவிடாமல் வயிற்றில் கட்டியாக நின்று மெல்லச் செரிக்க இயற்கை செய்த ஏற்பாடு அது. ரென்னெட் என்று பெயர். அந்தக் கத்தரி செய்வதெல்லாம் ரம்புத்தானின் மயிரை வழித்துவிடுவதுதான். மயிர் போனதும் உருண்டைகள் ஒன்றோடொன்று ஒட்டி, பாத்திரம் முழுக்க ஒரே வலையாகப் பின்னிக்கொள்கின்றன. சாந்து அப்படியே உள்ளே இருக்கிறது என்பதைக் கவனியுங்கள்.

கன்றின் வயிற்றுக்குப் போகாமலும் இந்தக் கத்தரி கிடைக்கும். சில பூஞ்சைகள் இதைத் தருகின்றன. இந்தியாவில் செய்யும் சீஸ்களில் பெரும்பாலும் அந்த வகைதான். செடியிலும் உண்டு. சர்க்கரை நோய்க்கு ஊறவைத்துக் குடிக்கச் சொல்லி நாட்டு மருந்துக் கடையில் பன்னீர்ப்பூ என்று ஒன்று தருவார்கள், பார்த்திருப்பீர்கள். பெயரில்தான் பூ, உண்மையில் அது காய். அமுக்கராவின் உறவு. வடமேற்கு இந்தியாவில் அந்தக் காயைப் போட்டுப் பாலை உறையவைப்பது பழைய வழக்கம்.

ஆலையில் இது நடப்பதைப் பக்கத்தில் நின்று பார்த்தால் ஒன்றுமே நடக்காதது போல இருக்கும். பால் கை பொறுக்கும் வெதுவெதுப்பில் இருக்கிறது. தயிருக்கு உறை ஊற்றுவது போல முதலில் நல்ல பாக்டீரியாக்களைச் சேர்க்கிறார்கள். பார்மாவில் அந்த உறை முந்தின நாள் சீஸில் வடிந்த தண்ணீரே. பிறகு ரென்னெட். கலக்கிவிட்டு எல்லோரும் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறார்கள். பத்து நிமிஷமோ அரை மணியோ கழித்து, சீஸ் மாஸ்டர் ஒரு விரலைச் சாய்வாக உள்ளே விட்டு மெல்லத் தூக்குகிறார். பால் இளநீர் வழுக்கை போல வெடித்துப் பிளக்கிறது. பிளந்த இடத்தில் தெளிந்த பச்சை மஞ்சள் நீர் ஊறுகிறது. அவ்வளவு நேரம் வெள்ளையாக இருந்த பாலுக்குள் இந்த நீர் எங்கே இருந்தது என்று நமக்கே ஆச்சரியமாக இருக்கும்.

இங்கே ஒரு வார்த்தை. வீட்டில் முயன்று பார்க்கிறவர்கள் முக்கால்வாசிப் பேர் இந்த இடத்தில்தான் தோற்கிறார்கள். முதல்முறை நானும் தோற்றேன். பால் வந்ததும் காய்ச்சிவிடுவது நம் கையிலேயே ஊறிய பழக்கம். நன்றாகப் பொங்கக் காய்ச்சினால், பாலில் கரைந்திருக்கும் வேறு புரதங்கள் வெந்து அந்த ரம்புத்தானின் மயிரில் போய் அப்பிக்கொள்ளும். பிறகு கத்தரி சரியாக நுழைய முடியாது. பால் கஞ்சி போலக் குழைந்து நிற்குமே தவிர வலையாகப் பின்னாது. சீஸ்காரர் பாலைப் பொங்கவிடுவதே இல்லை. கிருமி போகிற அளவுக்கு இதமாகச் சுடவைத்துச் சட்டென்று ஆறவைப்பார்.

உறைந்ததை அடுத்து வெட்டுகிறார்கள். எவ்வளவு சின்னதாக வெட்டுகிறோமோ அவ்வளவு தண்ணீர் வெளியேறும். மொசரெல்லாவுக்குப் பாக்கு அளவு துண்டு போதும். பார்மாவில் கம்பிகள் பின்னிய பெரிய மத்து ஒன்றால் நொய் அரிசி அளவுக்கு உடைத்து, செப்புக் கொப்பரையில் ஏறக்குறைய 55 டிகிரி வரை சூடேற்றுவார்கள். மிருதுவான சீஸா, வருஷக்கணக்கில் நிற்கும் சீஸா என்பது இந்த வெட்டிலும் சூட்டிலும் பாதி முடிவாகிவிடுகிறது.

நம் டம்ளருக்குத் திரும்புவோம். மொசரெல்லாவுக்கு வெட்டிய துண்டுகளை உடனே வெந்நீரில் போட்டால் இழுபடாது, பிய்ந்துபோகும். உள்ளே சாந்து இன்னும் முழுசாக இருக்கிறதே. சுவர் நகருமா? அதனால் சில மணி நேரம் காத்திருக்கிறார்கள். அந்த நேரத்தில் பாக்டீரியாக்கள் பாலின் சர்க்கரையைத் தின்று மெல்ல மெல்லப் புளிப்பை உண்டாக்குகின்றன. புளிப்பு சாந்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைக்கிறது. ஒரு கட்டத்தில் சாந்து பாதி போய், பாதி மிஞ்சி இருக்கும். செங்கற்கள் ஒன்றை ஒன்று விட்டுவிடவும் இல்லை, இறுக்கிப் பிடிக்கவும் இல்லை. அந்த நேரம் பார்த்து வெந்நீரில் போட்டுப் பிசைந்தால் புரதங்கள் வழுக்கிக்கொண்டு, ஒரே திசையில் நூல் நூலாக அடுக்கிக்கொள்ளும். மாஸ்டர் ஒரு சின்னத் துண்டை அவ்வப்போது வெந்நீரில் போட்டு இழுத்து இழுத்துப் பார்ப்பது இதற்காகத்தான். அரை மணி முந்தினால் பிய்யும், அரை மணி பிந்தினால் குழையும்.

பிசைந்து பளபளவென்று ஆன பிறகு, ஒரு கையால் உருண்டையைப் பிதுக்கி, கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் சேர்த்துக் கிள்ளி எடுத்துக் குளிர்ந்த நீரில் போடுவார்கள். 'மொட்சாரே' என்றால் இத்தாலிய மொழியில் வெட்டி எடுப்பது. மொசரெல்லா என்ற பெயரே அந்தக் கிள்ளலில் இருந்து வந்ததுதான். நம் பரோட்டா மாஸ்டர் மாவைப் பிதுக்கி உருண்டை பிடிப்பதைப் பார்த்தவருக்கு அந்தக் கை அசைவு புதிதாகவே தெரியாது. பரோட்டாவைப் பிய்த்தால் இழை இழையாக வருவது போலவே, புது மொசரெல்லாவைப் பிய்த்தாலும் இழை தெரியும். இதில் பால் சொட்டும், அவ்வளவுதான் வித்தியாசம்.

பனீரின் கதை வேறு. அங்கே பாலை முதலில் கொதிக்கக் கொதிக்கக் காய்ச்சுகிறோம்; அப்போதே மற்றப் புரதங்கள் கேசின் மேல் அப்பிக்கொண்டன. அதன்மேல் எலுமிச்சைச் சாறு. சூடும் புளிப்பும் ஒரே நொடியில் தாக்கியதில் சாந்தில் பெரும்பகுதி கரைந்து வடிந்த நீரோடு போய்விட்டது. சாந்து இல்லாத செங்கற்கள் ஒன்றன்மேல் ஒன்று நெருக்கியடித்துக்கொண்டு நிற்கின்றன, பங்காருபேட்டையில் ஏறிய கூட்டம் பெட்டி வாசலில் நிற்பது போல. வழுக்கிப் போக இடமே இல்லை. அதனால்தான் பனீர் குழம்பில் எவ்வளவு கொதித்தாலும் சதுரமாகவே இருக்கிறது. நமக்கும் குழம்பில் அதுதான் வேண்டும். இதில் உயர்வு தாழ்வு ஒன்றும் கிடையாது. இரண்டு ஊர், இரண்டு அடுப்பு, இரண்டு தேவை.

கடையில் ஏடு ஏடாக விற்கும் ஸ்லைஸ் சீஸ் இந்த இரண்டிலும் சேராது. அது செய்து முடித்த சீஸை மறுபடி உருக்கி, பிரியாமல் இருக்க உப்புகள் சேர்த்து வார்த்தது. சீஸ் என்றால் அதுதான் என்று நம்மில் பலர் பழகிவிட்டோம் என்பதில் எனக்குக் கொஞ்சம் வருத்தம் உண்டு.

வடிந்த நீர் என்ன ஆகிறது? பத்து லிட்டர் பாலுக்கு ஒரு கிலோ சீஸ் என்றால், ஒன்பது லிட்டர் தண்ணீர் மிச்சம். நம் சுரங்கத்தின் சயனைடு மேடுகள் மாதிரி அதை எங்காவது கொட்டிவிட முடியாது, கொட்டவும் தேவையில்லை. அதில் இன்னும் கொஞ்சம் புரதம் கரைந்திருக்கிறது. ரென்னெட்டின் கத்தரிக்கு அகப்படாத புரதம் அது, ஆனால் சூட்டுக்கு அகப்படும். அந்த நீரைக் கொதிப்பதற்கு முந்திய சூடு வரை காய்ச்சினால் மேலே பஞ்சு போல மிதந்து வரும். அள்ளி வடிகட்டினால் ரிக்கோட்டா. மறுபடி காய்ச்சியது என்று பொருள். ஈன்ற மாட்டின் சீம்பாலை வெல்லமும் ஏலக்காயும் சேர்த்து ஆவியில் வைத்தால் எதுவும் ஊற்றாமலேயே கட்டியாகிறதே, நம் கன்னட நண்பர்கள் கிண்ணு என்பார்களே, அதுவும் இதே வித்தைதான். சீம்பாலில் சூட்டுக்கு உறையும் அந்தப் புரதங்கள் மிக அதிகம். ரிக்கோட்டாவை முதல்முறை வாயில் வைத்த பெரியம்மா, "இது வெல்லம் போடாத சீம்பாலுப்பா" என்று சொன்னதை நான் எந்தப் புத்தக விளக்கத்துக்கும் மேலாக மதிக்கிறேன். பார்மாவில் மிச்ச நீரைப் பன்றிகளுக்கும் ஊற்றி வளர்க்கிறார்கள். அந்த ஊர்ப் பன்றித் தொடைக்கறியும் சீஸுக்கு ஈடாகப் பெயர்பெற்றது.

உண்மையிலேயே பாலாடையில் செய்வதும் ஒன்று உண்டு, நியாயமாகச் சொல்லிவிட வேண்டும். மஸ்கார்போனே. பாலேட்டைச் சுடவைத்துப் புளிப்பு சேர்த்துத் திரட்டுவது. பெரியம்மா கேட்ட கேள்விக்கு ஆமாம் என்று பதில் சொல்ல இடம் தருவது அது.

கடைசி அறை கிடங்கு. பார்மாவில் அது கோயில் மண்டபம் போல உயரமாக இருக்கும். தரை முதல் கூரை வரை பலகைகள், பலகை முழுக்க மாட்டுவண்டிச் சக்கரக் குடம் போன்ற உருளைகள். ஓர் உருளை சுமார் 40 கிலோ. அதற்குள் போன பால் ஏறக்குறைய 550 லிட்டர். மூன்று வாரம் போல உப்புநீரில் ஊறி, பிறகு குறைந்தது 12 மாதம் இங்கே கிடக்க வேண்டும். அதன் பிறகு ஒருவர் சின்னச் சுத்தியலோடு வந்து ஒவ்வொன்றையும் சுற்றிச் சுற்றித் தட்டுவார். உள்ளே வெடிப்போ ஓட்டையோ இருந்தால் ஒலி மாறும். அப்பா சொல்வார், சுரங்கத்தில் ஷிஃப்ட் இறங்கியதும் முதல் வேலை, கடப்பாறையால் கூரைப் பாறையைத் தட்டி ஒலி கேட்பது. டங்கென்றால் நிற்கலாம், டொப்பென்றால் விலக வேண்டும். சுத்தியலில் தேறாத சீஸுக்கு முத்திரை கிடைக்காது.

இனி ருசி. எப்போதும் இளசில் இருந்து முற்றலுக்குப் போக வேண்டும். முதலிலேயே முற்றலைத் தின்றால் பிறகு இளசு பச்சைத் தண்ணீர் போல இருக்கும். முதலில் ரிக்கோட்டா, பிறகு மொசரெல்லா, கடைசியில் பார்மிஜானோ. அதைக் கத்தியால் அறுக்கக் கூடாது, மொண்ணை முனையால் நெம்பி உடைக்க வேண்டும். மெல்லும்போது பல்லில் மணல் போல நறநறவென்று ஏதோ படும். உப்புக்கல் என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள், இல்லை. ஒரு வருஷமாகப் புரத வலை மெல்ல மெல்ல உடைந்து, அதில் இருந்து பிரிந்த ஒரு சிறு கூறு படிகமாகத் திரண்டது. அந்த வலை உடைந்ததில் வந்த ருசிதான் நாக்கின் அடியில் கறிக்குழம்பு போலத் தங்குகிறது.

அசல் பார்மிஜானோவில் கன்றின் ரென்னெட்தான் போடுவார்கள். சைவக்காரர்கள் பச்சைப் புள்ளி இருக்கும் இந்தியச் சீஸை வாங்கிக்கொள்ளலாம். மேல்தோல் தடிமனாக, மெல்ல முடியாமல் இருக்கும். அதை எறியாதீர்கள். இத்தாலிய வீடுகளில் சூப் கொதிக்கும்போது உள்ளே போட்டுவிடுவார்கள். போன வாரம் துவரம்பருப்பு வேகும்போது நான் ஒரு துண்டு போட்டேன். பெரியம்மா இரண்டாம் முறை சாதம் போட்டுக்கொண்டு, பருப்பில் என்ன போட்டாய் என்று கேட்டார்.